அச்சகத்தைத் திருப்பிக் கேட்காத வக்கம் மௌலவி

பொன்விழா மலருக்காக ஒரு பெரியவரின் வாழ்க்கையை எழுதித் தரும்படி மலர்க் குழுவினர் எங்களைக் கேட்டார்கள். நாங்கள் டெங்கிலில் ஹார்ட்வேர், ஸ்பேர் பார்ட்ஸ் வியாபாரம் செய்கிறவர்கள். பாலிடெக்னிக்கில் இயந்திரவியல் டிப்ளோமா படித்ததோடு சரி. எழுத்து எங்கள் தொழில் அல்ல. ஆனால் இந்தப் பெரியவரின் கதையில் ஓர் இயந்திரம் வருகிறது, ஒரு முதலாளி வருகிறார், ஒரு நஷ்டக் கணக்கு வருகிறது. அந்தத் துணிச்சலில்தான் ஒப்புக்கொண்டோம்.

முதலில் ஒரு பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிட வேண்டும். வக்கம் என்றதும் நம் சங்கத்து மூத்தவர்கள் சிலருக்கு நினைவுக்கு வருகிறவர் வேறொருவர். அவர் வக்கம் அப்துல் காதர். திருவனந்தபுரத்துக்கு வடக்கே, கடலோரமாக உள்ள வக்கம் என்ற ஊரில் 1917-இல் பிறந்து, பிழைப்புக்காக மலாயாவுக்கு வந்து, ஜப்பான்காரன் காலத்தில் இந்திய விடுதலைப் போராட்டத்தில் சேர்ந்து, பினாங்கில் பயிற்சி பெற்று, 1942-இல் நீர்மூழ்கிக் கப்பலில் மலபார் கரைக்குப் போய் இறங்கியவர். பிடிபட்டார். 1943 செப்டம்பர் 10-ஆம் நாள் சென்னைச் சிறையில் தூக்கிலிடப்பட்டார். அப்போது அவருக்கு வயது 26. அவரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும். இன்ஷா அல்லாஹ், அடுத்த மலரில் யாராவது எழுதுவார்கள்.

நாங்கள் எழுத வந்தது அதே ஊரில் அவருக்கு 44 ஆண்டுகள் முன்பு பிறந்த இன்னொரு அப்துல் காதரைப் பற்றி. மர்ஹூம் வக்கம் முஹம்மது அப்துல் காதர் மௌலவி அவர்கள். பத்திரிகை நடத்தி ஒரு சமஸ்தானத்தையே கேள்வி கேட்டவர்.

மௌலவி பிறந்தது 1873 டிசம்பர் 28-ஆம் நாள். தந்தையார் முஹம்மது குஞ்ஞு பேர்பெற்ற வியாபாரி. வசதியான வீடு. அந்தக் காலத்து வியாபாரிகள் பணம் சேர்ந்தால் நிலம் வாங்குவார்கள். இந்தத் தந்தை நிலமும் வைத்திருந்தார், அதோடு மகனுக்கு ஆசிரியர்களையும் தேடித் தேடிக் கொண்டு வந்தார். தூர ஊர்களிலிருந்து அறிஞர்கள் வந்து வீட்டிலேயே தங்கிப் பாடம் சொன்னார்கள். அவர்களில் ஊர் ஊராகச் சுற்றிவந்த ஓர் அரபு அறிஞரும் உண்டு. பையனின் வேகத்தைப் பார்த்து, சொல்லிக் கொடுக்கத் தங்களிடம் இதற்கு மேல் சரக்கு இல்லை என்று சில ஆசிரியர்கள் கைவிரித்துவிட்டதாகச் சொல்வார்கள். அரபு, பார்சி, உருது, சமஸ்கிருதம், ஆங்கிலம் எல்லாம் கற்றார். நம் தமிழும் அவருக்குத் தெரியும். அந்நாளைய திருவிதாங்கூரில் அது வியப்பில்லை. நாகர்கோவில், தக்கலை, கோட்டாறு எல்லாம் அன்று அந்த சமஸ்தானத்துக்குள்தான் இருந்தன. 1956-இல்தான் அந்தப் பகுதி தமிழ்நாட்டோடு சேர்ந்தது. நம் உறுப்பினர் குடும்பங்களில் அந்தப் பக்கத்து வேர் உள்ளவர்களுக்கு, மௌலவி அவர்களுடைய பாட்டன்மார் காலத்து ராஜ்யத்துக்காரர்.

அந்த ராஜ்யத்தின் நிலையையும் சொல்ல வேண்டும். மன்னர் மூலம் திருநாள் 1885 முதல் 1924 வரை ஆண்டார். நடைமுறையில் அதிகாரம் திவான் கையில். அவர் முதன்மை அமைச்சர் மாதிரி, ஆனால் மக்கள் ஓட்டுப் போட்டு வந்தவர் அல்ல. ஸ்ரீமூலம் பிரஜா சபை என்று ஒன்று 1904-இல் ஏற்பட்டது. அதில் மக்கள் தரப்பு ஆட்கள் குறை சொல்லலாம். கேட்பதும் கேட்காததும் திவானின் விருப்பம். உத்தியோகங்கள் சில கூட்டத்தாருக்குள்ளேயே சுற்றின. முஸ்லிம்கள் வியாபாரத்தில் இருந்தார்கள், கடலோரத்தில் இருந்தார்கள். பள்ளிக்கூடத்திலும் அலுவலகத்திலும் இல்லை. ஆங்கிலம் படித்தால் ஈமான் போய்விடும் என்று பயந்தவர்களும் இருந்தார்கள்.

இந்த நிலையில் முப்பது வயதை ஒட்டிய ஒரு வியாபாரியின் மகன், கையில் பணத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வான்? எங்கள் வயதும் கிட்டத்தட்ட அதுதான். நாங்களாக இருந்தால் இன்னொரு கடை திறந்திருப்போம். மௌலவி பத்திரிகை தொடங்கினார்.

1905 ஜனவரி 19-ஆம் நாள் 'சுதேசாபிமானி'யின் முதல் இதழ் அஞ்சுதெங்கு என்ற இடத்திலிருந்து வெளிவந்தது. சொந்த நாட்டின் மேல் பற்றுள்ளவன் என்று அந்தப் பெயருக்குப் பொருள். அஞ்சுதெங்கு வக்கத்துக்குப் பக்கத்திலுள்ள சின்னக் கடற்கரை ஊர். ஒரு விசேஷம், நிலப்பக்கமெல்லாம் திருவிதாங்கூர் இருக்க, அந்தத் துண்டு நிலம் மட்டும் ஆங்கிலேயக் கம்பெனி காலத்திலிருந்தே பிரிட்டிஷாரின் கையில் இருந்தது. பத்திரிகை பிறந்த இடம் சமஸ்தானத்து எல்லைக்குள் இல்லை. முதல் ஆசிரியர் சி. பி. கோவிந்தப் பிள்ளை.

இயந்திரத்துக்கு வருவோம், எங்களுக்குத் தெரிந்த விஷயம் அதுதான். அன்று அந்தப் பகுதியில் பெரும்பாலும் கையால் இழுக்கிற அச்சுப் பொறிகள்தாம். மௌலவி இங்கிலாந்திலிருந்து அக்காலத்தின் மிகச் சிறந்த அச்சு இயந்திரத்தைக் கப்பலில் வரவழைத்தார். இன்றைக்கு ஓர் இயந்திரத்தை வெளிநாட்டிலிருந்து இறக்குவதற்கே எத்தனை பத்திரம், எத்தனை நாள் காத்திருப்பு என்பது எங்களுக்குத் தெரியும். 120 ஆண்டுகளுக்கு முன்பு, ஒரு கிராமத்திலிருந்துகொண்டு கடிதம் எழுதி, பணம் அனுப்பி, மாதக்கணக்கில் காத்திருந்து, வந்த பெட்டிகளைத் தோணியிலும் வண்டியிலும் ஏற்றி, பொருத்தி ஓட வைத்திருக்கிறார்கள். அது மட்டுமா, ராய்ட்டர் செய்தி நிறுவனத்தின் தந்திச் செய்திகளுக்கும் ஏற்பாடு செய்தார். கிராமத்துப் பத்திரிகைக்கு லண்டன் செய்தி! பத்திரிகையில் லாபம் வரும் என்று கணக்குப் போட்டவர் இப்படிச் செலவு செய்ய மாட்டார்.

ஓராண்டு கழித்து, 1906 ஜனவரியில், புது ஆசிரியராகக் கே. ராமகிருஷ்ண பிள்ளை வந்தார். நெய்யாற்றின்கரையில் 1878-இல் பிறந்தவர், நாயர் சமூகத்தவர், மௌலவியைவிட நாலரை வயது இளையவர். அதற்கு முன்பே சில பத்திரிகைகளில் வேலை பார்த்து, முதலாளிமாரோடு ஒத்துப்போகாமல் வெளியே வந்தவர். நேரடியாகச் சொன்னால், எந்த முதலாளியும் வேலைக்கு வைக்கத் தயங்குகிற ஆள்.

மௌலவி அவரை வைத்ததோடு, பத்திரிகையை முழுவதுமாக அவர் கையில் கொடுத்தார். அச்சகமும் பணமும் மௌலவியுடையவை. என்ன எழுதுவது என்ற முடிவு பிள்ளையுடையது. முதலாளி தலையிடவில்லை. இந்த ஏற்பாட்டை நாங்கள் பல தடவை யோசித்துப் பார்த்தோம். எங்கள் கடையில் விலைப்பட்டியல் ஒட்டுகிற பையனைக்கூட நாங்கள் இரண்டு முறை சரிபார்க்கிறோம். ஒரு முஸ்லிம் முதலாளி, ஓர் இந்து ஆசிரியர், இடையில் கையெழுத்துப் போட்ட நிபந்தனைகள் எதுவும் இல்லை, நம்பிக்கை மட்டும் இருந்தது. பிள்ளை குடும்பத்தோடு வக்கத்துக்கே வந்து தங்கினார். அச்சகமும் அங்கே வந்தது. 1907-இல் பத்திரிகை தலைநகரான திருவனந்தபுரத்துக்கே மாறியது. அதாவது, அதிகாரத்தின் வாசலுக்கே கடையை மாற்றினார்கள்.

அதே 1907-இல்தான் பி. ராஜகோபாலாச்சாரி திவானாக வந்தார். அவர் தமிழ்நாட்டுக்காரர். பிள்ளையின் பேனா அவரை விடவே இல்லை. லஞ்சம், வேண்டியவர்களுக்கு உத்தியோகம், வீண் செலவு என்று இதழுக்கு இதழ் வந்தது. பிரஜா சபைக்கு உண்மையான அதிகாரம் வேண்டும், வரி கொடுக்கிறவனுக்கு ஆட்சியில் பங்கு வேண்டும் என்பது பத்திரிகையின் நிலை. மன்னர் தெய்வத்தின் பிரதிநிதி என்ற எண்ணத்தையே பிள்ளை கேள்விக்கு உட்படுத்தினார். ராஜவிசுவாசம் மூச்சு மாதிரி இருந்த நாட்டில் இது சின்ன விஷயம் இல்லை. திவானின் சொந்த நடத்தையைப் பற்றியும் கடுமையாக எழுதினார். சில வரிகள் எல்லை மீறியவை என்று அவருடைய நண்பர்களே நினைத்ததுண்டு.

இங்கே ஒன்றை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். 1910-ஆம் ஆண்டின் தொடக்கத்தில், அய்யன்காளி போன்றவர்களின் போராட்டத்தால், ஒடுக்கப்பட்ட புலையர் சமூகத்துப் பிள்ளைகளைப் பொதுப் பள்ளிகளில் மற்றப் பிள்ளைகளோடு சேர்க்க அரசு முனைந்தது. அதைச் 'சுதேசாபிமானி' எதிர்த்து எழுதியது. தலைமுறைகளாகப் படித்தவர்களின் பிள்ளைகளையும் வயலில் உழைத்தவர்களின் பிள்ளைகளையும் ஒரே வகுப்பில் உட்கார வைப்பதைக் குதிரையையும் எருமையையும் ஒரே நுகத்தில் பூட்டுவதற்கு ஒப்பிட்டார் பிள்ளை. அந்த ஒரு விஷயத்தில் திவான் செய்தது சரி, பத்திரிகை எழுதியது தவறு. நம் தாத்தாமார் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் எந்த நிலையில் படித்தார்கள் என்பதை நினைத்தால், இதைப் படிக்கிற நமக்குச் சுடும். முதலாளி தலையிடாத ஏற்பாட்டின் விலை இதுவும்தான். நல்லதை எழுதும்போது மட்டும் சுதந்திரம் கொடுப்பேன் என்றால் அது சுதந்திரமில்லை. ஆனால் தன் இயந்திரத்தில் அந்த வரிகள் அச்சாகி வந்த நாளில் மௌலவியின் மனம் எப்படி இருந்திருக்கும் என்று நாங்கள் யோசிக்காமல் இல்லை.

அது எப்படிப்பட்ட காலம் என்பதையும் நினைத்துப் பார்க்க வேண்டும். 1908-இல் திலகர் தம் பத்திரிகையில் எழுதியதற்காக ஆறு ஆண்டுத் தண்டனை பெற்று மாண்டலே சிறைக்குப் போனார். அதே ஆண்டு வ. உ. சிதம்பரனார் சிறைக்குப் போனார். பாரதியார் 'இந்தியா' பத்திரிகையைப் பிரெஞ்சுக்காரர் கையிலிருந்த புதுச்சேரிக்குக் கொண்டுபோனார்; 1910-இல் அதுவும் நின்றது. பிரிட்டிஷ் இந்தியாவில் அந்த ஆண்டுதான் புதிய பத்திரிகைச் சட்டம் வந்தது. திருவிதாங்கூரில் அவ்வளவு சட்டம்கூடத் தேவைப்படவில்லை. மன்னரின் ஒரு கையெழுத்துப் போதும்.

அந்தக் கையெழுத்து 1910 செப்டம்பர் 26-ஆம் நாள் விழுந்தது. பத்திரிகை தடை. அச்சகமும் அதைச் சேர்ந்த பொருள்களும் பறிமுதல். ஆசிரியர் நாடுகடத்தல். போலீஸ் வந்து அச்சகத்துக்கு முத்திரை வைத்தது. பிள்ளையைக் கைது செய்து, தெற்கே கொண்டுபோய், ஆரல்வாய்மொழி எல்லையைத் தாண்டித் திருநெல்வேலிப் பக்கம் விட்டார்கள். வழக்கு இல்லை, விசாரணை இல்லை, நீதிபதி முன் நிறுத்தவும் இல்லை. என்ன குற்றம் என்று யாரும் நிரூபிக்க வேண்டியிருக்கவில்லை. இன்று காரில் நாகர்கோவிலிலிருந்து திருநெல்வேலி போகிறவர்கள், இரு பக்கமும் காற்றாலைகள் சுற்றுகிற அந்தக் கணவாயைக் கடந்துதான் போகிறார்கள். அந்த வழியாகத்தான் ஒரு பத்திரிகை ஆசிரியரைத் தன் நாட்டை விட்டு வெளியே தள்ளினார்கள்.

மௌலவியைக் கைது செய்யவில்லை. அவரை எதிலே அடிக்க வேண்டும் என்று அரசுக்குத் தெரிந்திருந்தது.

இந்த இடத்தில் எங்கள் சொந்தக் கதை ஒன்றைச் சொல்ல அனுமதிக்க வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன்பு நாங்கள் வரவழைத்த ஓர் இயந்திரம் ஒரு கிடங்கில் மூன்று வாரம் மாட்டிக்கொண்டது. தாள்களில் ஏதோ பிழை. பிழை எங்களுடையது அல்ல. எடுத்துச் சொன்னோம், யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நாளுக்கு நாள் வாடகை ஏறியது. வாங்க இருந்தவர் வேறு இடம் பார்ப்பதாகச் சொன்னார். கடைசியில் தவறு எங்களுடையதுதான், மன்னிக்கவும் என்று ஒரு கடிதம் எழுதிக் கையெழுத்துப் போட்டால் விட்டுவிடுவார்கள் என்று ஒருவர் வழி சொன்னார். எழுதினோம். மறுநாள் இயந்திரம் கடைக்கு வந்துவிட்டது. அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை என்றுதான் அன்று நினைத்தோம். வியாபாரத்தில் இதெல்லாம் சகஜம்.

மௌலவிக்கும் அதே வழியை நண்பர்கள் காட்டினார்கள். அரசுக்கு ஒரு மனு எழுதினால், அச்சகம் திரும்பக் கிடைக்க வாய்ப்பு இருந்தது. அவர் கைது செய்யப்பட்டவர் அல்ல, எழுதியவரும் அல்ல; எல்லாப் பழியையும் ஆசிரியர் தலையில் போட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்ளலாம். அந்த ஆசிரியரோ எல்லைக்கு அந்தப் பக்கம் இருக்கிறார், காதிலும் விழாது. மௌலவி எழுதவில்லை. தம் ஆசிரியர் இல்லாமல் அந்த அச்சகமும் பத்திரிகையும் தமக்கு எதற்கு என்பதே அவருடைய பதிலாக இருந்தது. அதற்குப் பிறகு 22 ஆண்டுகள் உயிரோடு இருந்தார். ஒரு தடவைகூடக் கேட்கவில்லை.

நாங்கள் எழுதிய கடிதத்தின் நகல் இன்னும் கோப்பில் இருக்கிறது. மௌலவியின் வரலாற்றைப் படித்த பிறகு அதை ஒருநாள் எடுத்துப் பார்த்தோம். அவ்வளவுதான், அதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை.

பிள்ளையின் மீதி வாழ்க்கை சுருக்கமானது. திருநெல்வேலி, சென்னை, பாலக்காடு என்று குடும்பத்தோடு அலைந்தார். மனைவி கல்யாணி அம்மா படித்தவர், எழுத்தாளர், ஆசிரியை. கணவர் நாடுகடத்தப்பட்டதும் தாமும் நாட்டை விட்டு அவருடன் போனார். அந்த அலைச்சலுக்கு நடுவில் பிள்ளை எழுதியவை கொஞ்சநஞ்சமல்ல. தாம் நாடுகடத்தப்பட்ட கதையை எழுதினார். 1912-இல் பத்திரிகைத் தொழிலைப் பற்றி ஒரு நூல். அதே ஆண்டில் கார்ல் மார்க்ஸின் வாழ்க்கை வரலாறு. இந்திய மொழிகளில் மார்க்ஸைப் பற்றி வந்த முதல் நூல் என்று அதைச் சொல்வார்கள், ரஷ்யப் புரட்சிக்கே இன்னும் ஐந்து ஆண்டுகள் இருந்தன. இதற்குள் காச நோய் பிடித்துவிட்டது. கண்ணூரில் கல்யாணி அம்மாவின் ஆசிரியர் சம்பளத்தில் குடும்பம் ஓடியது. 1916 மார்ச் 28-ஆம் நாள், 38 வயது நிறையும் முன்பே, பிள்ளை அங்கே காலமானார். திவான் ராஜகோபாலாச்சாரி அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பே பதவியிலிருந்து போய்விட்டார். ஆனாலும் நாடுகடத்தல் உத்தரவு அப்படியே இருந்தது. பிறந்த ஊரை அவர் திரும்பப் பார்க்கவில்லை. தம் பன்னிரண்டு ஆண்டு மணவாழ்க்கையைக் கல்யாணி அம்மா 'வியாழவட்ட ஸ்மரணகள்' என்ற நூலாக எழுதினார். மலையாளம் படிக்கத் தெரிந்த சகோதரிகள் நம் வட்டாரத்தில் இருக்கிறார்கள், தேடிப் படிக்கலாம்.

இனி மௌலவி. பெரிய அச்சகம் போனது, முதல் போட்ட பணம் போனது, நண்பர் போனார். வீட்டு நிலையும் பழையபடி இல்லை. நொடித்துப்போன வியாபாரிகளை நாம் பார்த்திருக்கிறோம். சிலர் பேச்சைக் குறைத்துக்கொண்டு தொழுகையோடு ஒதுங்கிவிடுவார்கள். மௌலவி தொழுகையையும் விடவில்லை, பத்திரிகையையும் விடவில்லை. 'சுதேசாபிமானி' நடந்துகொண்டிருந்த 1906-இலேயே 'முஸ்லிம்' என்ற இதழைத் தொடங்கியிருந்தார். அதன் மூலம் சமுதாயத்தைப் பார்த்துக் கேட்க வேண்டியதைக் கேட்டார். அரசைக் கேள்வி கேட்டால் அரசுக்குக் கோபம் வரும். சொந்தச் சமுதாயத்தைக் கேள்வி கேட்டால் பக்கத்து வீட்டுக்காரருக்கே கோபம் வரும். அவர் இரண்டையும் வாங்கிக்கொண்டார்.

அவர் கேட்டவை இன்று நமக்குச் சாதாரணமாகத் தோன்றும். ஆண் பிள்ளைகள் உலகக் கல்வி கற்க வேண்டும். பெண் பிள்ளைகளும் பள்ளிக்குப் போக வேண்டும். குர்ஆனைப் பொருள் தெரிந்து ஓத வேண்டும். கல்யாணச் செலவில் கடன்படக் கூடாது. எகிப்திலிருந்து ரஷீத் ரிளா வெளியிட்ட 'அல்மனார்' இதழை விடாமல் படித்தவர் அவர். நம் நாட்டுக்காரர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று இதில் உண்டு. அதே 'அல்மனார்' இதழின் தாக்கத்தில் அதே 1906-இல் சிங்கப்பூரிலிருந்து 'அல்இமாம்' என்ற மலாய் இதழ் வந்தது. ஷேக் தாஹிர் ஜலாலுதீன், சையத் ஷேக் அல்ஹாதி போன்றவர்கள் அதன் பின்னால் இருந்தார்கள். அல்ஹாதி பிற்பாடு பினாங்கில் ஜெலுத்தோங் அச்சகம் நடத்தியவர். கடலுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும், ஒருவரை ஒருவர் பார்க்காமலேயே, ஒரே கேள்வியை அச்சில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். மார்க்க விஷயத்தில் மௌலவி சொன்னவை எல்லாவற்றையும் நம் சங்கத்துப் பெரியவர்கள் அத்தனை பேரும் ஏற்பார்கள் என்று நாங்கள் சொல்லவில்லை. அவர் காலத்திலேயே ஆலிம்கள் பலர் கடுமையாக எதிர்த்தார்கள். அந்த விவாதத்துக்கு இந்த மலர் இடமல்ல.

1918-இல் 'அல்இஸ்லாம்' என்ற இதழை அரபு எழுத்தில், மலையாள மொழியில் கொண்டுவந்தார். நம் பாட்டிமார் அரபுத்தமிழில் கிதாபு படித்த மாதிரிதான். அங்கே பெண்களுக்கு அரபு எழுத்து தெரியும், மலையாள எழுத்து தெரியாது. அவர்கள் வீட்டுக்குள்ளேயே படிக்கட்டும் என்று அந்த எழுத்தைத் தேர்ந்தெடுத்தார். ஐந்தே இதழ்கள், நின்றுவிட்டது. வாங்க ஆள் இல்லை, எதிர்ப்பும் பலம்.

இதற்கிடையில் அவர் செய்த இன்னொரு காரியம் எங்களுக்கு மிகவும் பிடித்தது. முஸ்லிம் பிள்ளைகள் அரசுப் பள்ளிக்கு வரத் தயங்குவதற்கு அங்கே அரபு இல்லாததும் ஒரு காரணம் என்று அவர் கண்டார். அரபு கற்றுக் கொடுங்கள், பிள்ளைகள் வருவார்கள் என்பது அவருடைய வாதம். அரசிடம் இதை விடாமல் கேட்டார். ஆம், அதே அரசிடம்தான். கடைசியில் முஸ்லிம் பிள்ளைகள் படிக்கிற அரசுப் பள்ளிகளில் அரபு வந்தது. அந்தப் பிள்ளைகளுக்குக் கட்டணச் சலுகை, உதவித்தொகை. பெண் பிள்ளைகளுக்குக் கட்டணமே இல்லை. பாடப் புத்தகம் வேண்டும் என்றார்கள், அவரே எழுதினார். ஆசிரியர்களுக்குத் தேர்வு வைத்தார்கள், தலைமைத் தேர்வாளராக அவரையே நியமித்தார்கள்.

தம் இயந்திரத்தைப் பூட்டி வைத்திருந்த அரசின் அலுவலகத்துக்கு அவர் ஏறி இறங்கினார். பிள்ளைகளின் படிப்புக்காக மனுப் போட்டார், அச்சகத்துக்காகப் போடவில்லை. ஒரே மேசை முன் நின்று, சமுதாயத்துக்காகக் கேட்பதும் தமக்காகக் கேட்காமல் இருப்பதும் எவ்வளவு கஷ்டம் என்பது, சங்க வேலையாக அரசு அலுவலகங்களுக்குப் போய்வந்த நம் முன்னாள் தலைவர்களுக்குத் தெரியும். ஒருநாளாவது வாய் வரை வந்திருக்கும்.

திருவிதாங்கூர் முஸ்லிம் மகாஜன சபை உள்படச் சங்கங்கள் சிலவற்றை உருவாக்குவதிலும் வழிநடத்துவதிலும் அவருக்குப் பங்கு உண்டு. 1922-இல் கொடுங்கல்லூரில் ஏற்பட்ட ஐக்கிய சங்கத்துக்கும் அவர் வழிகாட்டி. குடும்பச் சண்டைகளைத் தீர்த்து வைக்கத் தொடங்கிய அந்தச் சங்கம் பிறகு கல்விக்காகப் பாடுபட்டது. ஸ்ரீ நாராயண குருவோடும் அவருக்குப் பழக்கம் உண்டு. குருவின் சிவகிரி வக்கத்திலிருந்து தூரமில்லை. இமாம் கஸ்ஸாலியின் 'கீமியாயே சஆதத்' நூலை மொழிபெயர்க்கும் பணியிலும் ஈடுபட்டார். 1931-இல் 'தீபிகா' என்ற இன்னோர் இதழ். 58-ஆம் வயதில், கையில் பழைய பணம் இல்லாத காலத்தில், மறுபடியும் ஓர் இதழ்! வீட்டில் என்ன சொல்லியிருப்பார்கள் என்று நினைத்துப் பார்த்தோம்.

அடுத்த ஆண்டு, 1932 அக்டோபர் 31-ஆம் நாள், மௌலவி வபாத்தானார்கள். அச்சகம் அப்போதும் அரசின் கையில்தான் இருந்தது.

சுதந்திரம் வந்தது, மன்னராட்சி முடிந்தது, 1956-இல் கேரளம் என்ற மாநிலம் பிறந்தது. அடுத்த ஆண்டு திருவனந்தபுரத்தில் ராமகிருஷ்ண பிள்ளைக்குச் சிலை வைத்தார்கள். குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத் வந்து திறந்தார். பத்திரிகையின் பெயரே பிள்ளையின் பட்டப் பெயராகிவிட்டது. இன்று 'சுதேசாபிமானி' என்றால் கேரளத்தில் பலருக்கும் அவர்தான். மூத்த பத்திரிகையாளர்களுக்கு அம்மாநில அரசு கொடுக்கிற விருதிலும் அந்தப் பெயர் இருக்கிறது. அந்தப் பெயரை வைத்துப் பத்திரிகை தொடங்கியவரின் பெயர் அதில் இல்லை. பிள்ளைக்குக் கிடைத்ததில் எங்களுக்குக் குறை இல்லை. அவர் உயிரையே கொடுத்தவர். மௌலவியும் அப்படித்தான் விரும்பியிருப்பார் என்றே தோன்றுகிறது.

பறிமுதல் செய்யப்பட்ட அச்சகத்தை, கேரளம் உருவான பிறகு, மௌலவியின் வாரிசுகளிடம் அரசு திருப்பிக் கொடுத்தது. இயந்திரக்காரன் என்ற முறையில் எங்களுக்கு உடனே தோன்றிய கேள்வி, அது ஓடியிருக்குமா என்பதுதான். உப்புக் காற்று அடிக்கிற ஊரில், எண்ணெய் போடாமல், உருளையைச் சுற்றாமல் ஓர் இயந்திரம் ஆறு மாதம் நின்றாலே துருவேறிப் பிடித்துக்கொள்ளும். இது நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அரசின் கையில் இருந்தது. அதைக் கேட்டு வாங்கியிருக்கக்கூடியவர் மண்ணுக்குள் போய் அப்போது கால் நூற்றாண்டு ஆகியிருந்தது.